குதிரைகளும் நாமும்: அரபுக் கரையிலிருந்து பாராமகால் வரை

கல்லாவி, ஊத்தங்கரை, போச்சம்பள்ளி பக்கத்து மானாவாரி நிலங்களில் இன்றும் கொள்ளு விதைக்கிறார்கள். நாம் அதில் ரசம் வைக்கிறோம், துவையல் அரைக்கிறோம், சளி பிடித்தால் கஞ்சி காய்ச்சிக் குடிக்கிறோம். ஆங்கிலத்தில் இதன் பெயர் 'ஹார்ஸ் கிராம்'. குதிரைக்கான பயறு என்று பொருள். பயறு எங்கள் வயல்களில் இருக்கிறது. அதைத் தின்ற குதிரைகள் இல்லை. திருமண ஊர்வலத்துக்கு வாடகைக்கு வரும் ஒன்றிரண்டு குதிரைகளைத்தான் இன்று நம் பிள்ளைகள் நேரில் பார்க்கிறார்கள்.

ஆனால் தமிழக முஸ்லிம்களின் வரலாற்றில் குதிரைக்குத் தனி இடம் உண்டு. அரபு, பாரசீகக் கரைகளிலிருந்து நம் துறைமுகங்களுக்கு வந்த கப்பல்களில் பெரும் மதிப்புள்ள சரக்காக இருந்தது குதிரை. ராவுத்தர் என்னும் பெயரே குதிரையோடு ஒட்டி வந்தது. எங்கள் கிருஷ்ணகிரிப் பகுதியோ ஹைதர் அலியின் குதிரைப் படையும், பின்னர் கம்பெனிப் படையின் குதிரைப் பண்ணையும் இருந்த மண். இந்த வரலாற்றைச் சுருக்கமாகத் தொகுத்துத் தருவதோடு, அது நம்மிடம் கேட்கும் ஒரு கேள்வியையும் இங்கே எடுத்து வைக்கிறோம். ஒரு வாயில்லா ஜீவனை விலை கொடுத்து வாங்கிவிட்டால் நம் கடமை முடிந்துவிடுமா?

மனிதனிடம் குதிரை வந்த கதை

குதிரை இனத்தின் மூதாதைகள் வட அமெரிக்காவில் தோன்றின. அங்கிருந்து ஆசியாவுக்கும் ஐரோப்பாவுக்கும் பரவின. வியப்பு என்னவென்றால், பிறந்த இடமான அமெரிக்காவில் சுமார் 10,000 ஆண்டுகளுக்கு முன்பு அவை முற்றிலும் அழிந்து போயின. 1493இல் கொலம்பஸ் தம் இரண்டாம் பயணத்தில் கப்பலில் ஏற்றிச் சென்ற பிறகுதான் அந்தப் பக்கத்து மண்ணில் குதிரை மறுபடியும் கால் வைத்தது.

மனிதன் முதலில் குதிரையை இறைச்சிக்காகவே வேட்டையாடினான். இன்றைய கஜகஸ்தானில் போட்டாய் என்னும் இடத்தில் சுமார் 5,500 ஆண்டுகளுக்கு முன்பு வாழ்ந்த மக்கள் குதிரைகளோடு நெருங்கி வாழ்ந்ததற்கான தடயங்கள் கிடைத்துள்ளன. ஆனால் இன்று நாம் பார்க்கும் வீட்டுக் குதிரைகள் அந்தக் கிளையைச் சேர்ந்தவை அல்ல. 2021இல் 'நேச்சர்' இதழில் வெளியான ஆய்வு ஒன்று, 273 பழங்காலக் குதிரைகளின் மரபணுக்களை ஒப்பிட்டது. இன்றைய குதிரைகளின் மூல இனம் வோல்கா, டான் ஆறுகளின் கீழ்ப்பகுதிப் புல்வெளிகளில் உருவாகி, சுமார் கி.மு. 2200 முதல் உலகெங்கும் வேகமாகப் பரவியது என்று அது காட்டியது. முதுகில் பாரம் தாங்கும் வலிமையும் சாந்த குணமும் அந்த இனத்துக்கு இருந்தன என்பதே அவ்வாய்வின் முடிவு.

அடுத்து வந்தது ஆரக்கால் சக்கரம் பூட்டிய இலகுவான ரதம். பிறகு சேணம், அங்கவடி, லாடம் என்று ஒவ்வொன்றாகச் சேர்ந்தன. ரயில் வரும்வரை தரையில் மனிதன் அறிந்த மிக விரைவான பயணம் குதிரைப் பயணமே. ஓர் அரசனின் கட்டளை எவ்வளவு விரைவில் எவ்வளவு தூரம் போகும் என்பதைக் குதிரையின் கால்களே முடிவு செய்தன.

குர்ஆனிலும் ஹதீஸிலும் குதிரை

திருக்குர்ஆன் குதிரையைப் பல இடங்களில் நினைவூட்டுகிறது. குதிரைகள், கோவேறு கழுதைகள், கழுதைகள் ஆகியவை நாம் ஏறிச் செல்வதற்காகவும் அலங்காரமாகவும் படைக்கப்பட்டன என்பது அந்நஹ்ல் அத்தியாயத்தின் கருத்து (16:8). மனிதனுக்கு அழகாகத் தோன்றும் உலக இன்பங்களின் வரிசையிலும் உயர்ந்த குதிரைகள் இடம்பெறுகின்றன (3:14). மாலை நேரத்தில் ஸுலைமான் (அலை) அவர்கள் முன் நிறுத்தப்பட்ட குதிரைகளைப் பற்றியும் குர்ஆன் பேசுகிறது (38:31-33).

நபி (ஸல்) அவர்கள் குதிரைகளை நேசித்தவர்கள். ஸக்ப், முர்தஜிஸ், லுஹைஃப் என்று தம் குதிரைகளுக்குப் பெயர் வைத்து அழைத்தார்கள். மறுமை நாள் வரை குதிரைகளின் நெற்றி முடியில் நன்மை பிணைக்கப்பட்டிருக்கிறது என்னும் கருத்துள்ள ஹதீஸ் புகாரி, முஸ்லிம் இரண்டிலும் இருக்கிறது. அவர்கள் தம் மேலாடையால் குதிரையின் முகத்தைத் துடைத்துவிட்டதையும், குதிரைகள் விஷயத்தில் தமக்கு இறைவனிடமிருந்து அறிவுறுத்தல் வந்ததாகக் கூறியதையும் இமாம் மாலிக் (ரஹ்) அவர்களின் முவத்தா பதிவு செய்கிறது.

இவற்றில் நம் கட்டுரைக்கு அடிப்படையான ஹதீஸ் ஒன்று உண்டு. புகாரியில் அபூஹுரைரா (ரலி) அவர்கள் அறிவிப்பது. ஒருவருக்குக் குதிரை நற்கூலியாக அமைகிறது. இன்னொருவருக்கு மறைப்பாக அமைகிறது. மூன்றாமவருக்குப் பாவச் சுமையாக ஆகிவிடுகிறது. இறைவனுக்காக வளர்ப்பவர் முதலாமவர். பிறரிடம் கையேந்தாமல் பிழைப்பதற்காக வளர்த்து, அதன் விஷயத்தில் அல்லாஹ்வின் உரிமையை மறக்காதவர் இரண்டாமவர். பெருமைக்காகவும் பகட்டுக்காகவும் பகைமைக்காகவும் வைத்திருப்பவர் மூன்றாமவர். பிராணி ஒன்றுதான். வைத்திருப்பவரின் எண்ணமும் நடத்தையும் அதை நன்மையாகவோ பாவமாகவோ ஆக்கிவிடுகின்றன. இனி வரும் வரலாறு முழுவதையும் இந்த அளவுகோலோடு படித்துப் பார்க்கலாம்.

கடல் வழியே தமிழகம் வந்த குதிரைகள்

தமிழகத்தின் வெப்பமும் ஈரமும் புல் வகைகளும் உயர் ரகக் குதிரை வளர்ப்புக்கு ஏற்றவை அல்ல. எனவே தொடக்கம் முதலே குதிரை நமக்குக் கடல் கடந்து வந்த செல்வமாக இருந்தது. சங்க நூலான பட்டினப்பாலை, காவிரிப்பூம்பட்டினத்தில் வந்து குவிந்த பொருள்களைச் சொல்லும்போது கடல் வழியே வந்த குதிரைகளையும் சேர்த்தே சொல்கிறது. பரி, புரவி, இவுளி, மா என்று தமிழில் குதிரைக்கு இத்தனை பெயர்கள் இருப்பதே அதற்கு இங்கிருந்த மதிப்பைக் காட்டும்.

13ஆம் நூற்றாண்டில் பாண்டியர் காலத்தில் இந்த வணிகம் உச்சம் தொட்டது. தமிழகக் கடற்கரையை அரபு வணிகர்கள் 'மஅபர்' என்று அழைத்தார்கள். தாமிரபரணி கடலில் கலக்கும் இடத்துக்கு அருகிலிருந்த காயல் அதன் முக்கியத் துறைமுகம். பாரசீக வளைகுடாவிலுள்ள கிஷ் தீவின் ஆட்சியாளரும் பெருவணிகருமான ஜமாலுத்தீன், பாண்டிய மன்னரோடு ஓர் ஒப்பந்தம் வைத்திருந்தார். ஆண்டுதோறும் அவருடைய குதிரைகளிலிருந்து 1,400 குதிரைகளை மஅபருக்கு அனுப்ப வேண்டும். ஹுர்முஸ், கத்தீஃப், பஹ்ரைன் முதலிய இடங்களிலிருந்தும் குதிரைகள் வரும். அவருடைய சகோதரர் தகிய்யுத்தீன் அப்துர் ரஹ்மான் பாண்டியரின் அமைச்சராகவே பணியாற்றினார். காயல் உள்ளிட்ட துறைமுகங்கள் அவர் பொறுப்பில் இருந்தன. ஒரு தமிழ் மன்னர் தம் துறைமுகங்களை ஒரு முஸ்லிம் அமைச்சரை நம்பி ஒப்படைத்த காலம் அது.

இந்தச் செய்திகளை எழுதி வைத்தவர் பாரசீக வரலாற்றாசிரியர் வஸ்ஸாஃப். ஆண்டுக்கு 10,000 குதிரைகள் வந்தன என்றும், ஒரு குதிரையின் விலை 220 செம்பொன் தீனார் என்றும் அவர் கணக்குத் தருகிறார். வழியில் இறந்துபோகும் குதிரைக்கும் அரசக் கருவூலம் விலை கொடுத்துவிட வேண்டும் என்பது ஒப்பந்தத்தில் ஒரு நிபந்தனை.

இந்த வணிகம் மக்கள் மனத்தில் எவ்வளவு ஆழமாகப் பதிந்திருந்தது என்பதற்கு மாணிக்கவாசகர் கதை சான்று. பாண்டியனுக்குக் குதிரை வாங்கப் பொன்னோடு அனுப்பப்பட்ட அமைச்சர் அவர். நரிகள் பரிகளாகி மதுரைக்கு வந்ததாகச் சைவ மரபு சொல்லும் அந்தக் கதையில், இறைவனே குதிரை வணிகராக வருகிறார். குதிரை வாங்கத் துறைமுகத்துக்கு ஆள் அனுப்புவது அன்றைய மக்களுக்குப் பழகிய காட்சியாக இருந்ததால்தான் கதை அப்படி அமைந்தது.

பத்தாயிரம் குதிரைகள் எங்கே போயின?

இங்கே ஒரு கணக்கு இடிக்கிறது. ஒரு குதிரை 25 ஆண்டுகள், நன்றாகப் பார்த்துக்கொண்டால் 30 ஆண்டுகள்கூட வாழும். ஆண்டுக்கு ஆயிரக்கணக்கில் வந்தால் சில ஆண்டுகளிலேயே நாடு குதிரைகளால் நிறைந்திருக்க வேண்டும். பிறகு ஏன் ஒவ்வோர் ஆண்டும் புதிதாக வாங்கிக்கொண்டே இருந்தார்கள்?

1292ஆம் ஆண்டையொட்டி இங்கு வந்த வெனிஸ் நாட்டுப் பயணி மார்க்கோ போலோவின் பதில் வேதனையானது. அரசர்கள் ஒவ்வொருவரும் ஆண்டுக்கு 2,000 குதிரைகளுக்கு மேல் வாங்குகிறார்கள், ஆண்டு முடிவில் 100 கூட மிஞ்சுவதில்லை என்கிறார் அவர். குதிரைகளுக்குச் சோறும் சமைத்த இறைச்சியும் கொடுத்தார்கள். அவற்றைப் பராமரிக்கத் தெரிந்தவர்களும் லாடம் கட்டுபவர்களும் நாட்டில் இல்லை. இதோடு அவர் ஒரு குற்றச்சாட்டையும் வைக்கிறார். குதிரை இறந்தால்தான் அடுத்த ஆண்டு விற்பனை நடக்கும் என்பதால், குதிரை வைத்தியம் தெரிந்தவர்கள் இந்தப் பக்கம் வராமல் வணிகர்களே பார்த்துக்கொண்டார்கள் என்பது அது.

போலோவும் ஒரு வணிகர். போட்டி வணிகர்களைப் பற்றி அவர் சொன்னதை அப்படியே ஏற்க வேண்டியதில்லை. ஆனால் குதிரைகள் வீணாக மடிந்தன என்பதை வஸ்ஸாஃபும் உறுதி செய்கிறார். குதிரைகளை 40 நாள் லாயத்தில் கயிற்றாலும் முளைகளாலும் கட்டிவைத்துக் கொழுக்கவிட்டார்கள். வறுத்த தானியத்தை நெய் சேர்த்துக் கொடுத்தார்கள், காய்ச்சிய பசும்பாலைக் குடிக்க வைத்தார்கள். பிறகு பயிற்சி எதுவுமின்றி ஏறி விரட்டினார்கள். வலிமையான குதிரைகளும் சில காலத்தில் சோர்ந்து பயனற்றுப் போயின என்று அவர் எழுதுகிறார். நெய்யும் பாலும் கொடுத்தவர்களுக்குக் குதிரை மீது வெறுப்பு இல்லை. பிரியம் இருந்தது, அறிவு இல்லை.

அந்த அறிவு அன்றைய உலகில் இல்லாமலும் இல்லை. அரபு மொழியில் கால்நடை மருத்துவத்துக்கு 'பைத்தரா' என்று பெயர். 9ஆம் நூற்றாண்டிலேயே அப்பாஸிய கலீஃபாவின் பணியிலிருந்த இப்னு அகீ ஹிஸாம், குதிரைப் பராமரிப்பும் நோய்களும் பற்றி நூல் எழுதினார். பாண்டிய நாட்டில் குதிரைகள் மடிந்ததற்குச் சில பத்தாண்டுகள் கழித்து, 14ஆம் நூற்றாண்டின் முற்பகுதியில், எகிப்தின் மம்லூக் சுல்தான் அந்நாஸிர் முஹம்மதுவுக்காக அபூபக்ர் இப்னுல் பத்ர் என்னும் குதிரை மருத்துவர் விரிவான நூலொன்றைத் தொகுத்தார். குதிரைகள் கப்பலேறி வந்தன. அவற்றைக் காக்கும் கல்வி கப்பலேறவில்லை.

இந்தக் கதை பாண்டியரோடு முடியவில்லை. விஜயநகரத்தின் சாளுவ நரசிம்மர் குதிரை வாங்கிய விதத்தைப் போர்த்துகீசியரான ஃபெர்னாவோ நூனிஸ் எழுதியிருக்கிறார். உயிரோடு வந்தாலும் செத்து வந்தாலும் 1,000 பர்தாவ் காசுக்கு மூன்று குதிரைகள். நடுக்கடலில் இறந்த குதிரையின் வாலை மட்டும் கொண்டுவந்து காட்டினால் போதும், முழு விலை கிடைக்கும். வாலுக்கும் விலை கிடைக்கும் என்றால், உயிரைக் காப்பாற்ற வணிகருக்கு என்ன அவசரம்? ஒப்பந்தம் எழுதும்போது உயிரின் மதிப்பை விட்டுவிட்டால் என்ன ஆகும் என்பதற்கு இதைவிடத் தெளிவான உதாரணம் வேண்டியதில்லை. வணிகக் குடும்பங்களாகிய நாம் இதைப் பெருமையோடு மட்டும் நினைவுகூர்ந்தால் போதாது, படிப்பினையாகவும் எடுத்துக்கொள்ள வேண்டும்.

ராவுத்தர் என்னும் பெயர்

எங்கள் எல்லைப் பகுதியில் தமிழோடு கன்னடமும் தெலுங்கும் உருதும் புழங்குகின்றன. கன்னடத்தில் 'ராவுத' என்றாலும் தெலுங்கில் 'ரௌத்து' என்றாலும் குதிரைவீரன் என்றே பொருள். அதே சொல்தான் தமிழில் இராவுத்தர் ஆனது. மரக்கலத்தோடு தொடர்புடைய மரக்காயர் கடலோரத்தில் வாழ்ந்தார்கள். குதிரையோடு தொடர்புடைய ராவுத்தர் உள்நாட்டில் பரவினார்கள். கப்பலில் வந்த குதிரையை அரண்மனை வரை கொண்டுசேர்ப்பது, பழக்குவது, படையில் ஏறிப் போரிடுவது என்று பல பணிகள் இந்தச் சொல்லுக்குள் இருக்கின்றன.

இந்தப் பெயர் முஸ்லிம் சமூகத்தோடு நின்றுவிடவில்லை. 15ஆம் நூற்றாண்டுப் புலவர் அருணகிரிநாதர், மயிலில் ஏறிவரும் முருகனை 'இராவுத்தன்' என்றே அழைக்கிறார். வட தமிழகத்தின் பல திரௌபதி அம்மன் கோயில்களில் முத்தால் ராவுத்தர் என்னும் முஸ்லிம் வீரர் காவல் தெய்வமாக நிற்கிறார். அவர்களுடைய வழிபாடு அவர்களுக்கு. நாம் இங்கே கவனிப்பது, குதிரையில் வந்த முஸ்லிமை இந்த மண் அந்நியனாக எண்ணாமல் தன் காவலனாக நினைவில் வைத்த வரலாற்றை.

பாராமகாலில் குளம்படிச் சத்தம்

இன்றைய கிருஷ்ணகிரி, தருமபுரி, திருப்பத்தூர்ப் பகுதிகள் முன்பு பாராமகால் எனப்பட்டன. இங்கும் குதிரையின் தடம் பழமையானது. பர்கூருக்கு அருகிலுள்ள மல்லப்பாடி பாறை ஓவியங்களில், குதிரை மீதமர்ந்து போரிடும் வீரர்களின் உருவங்கள் வெண்ணிறத்தில் தீட்டப்பட்டுள்ளன.

மைசூர் பீடபூமியிலிருந்து தமிழகச் சமவெளிக்கு இறங்கும் வாசல் பாராமகால். இதன் வழியாகத்தான் ஹைதர் அலியின் குதிரைப் படை இறங்கியது. ஹைதர் பிறந்த பூதிக்கோட்டை, எங்கள் மாவட்ட எல்லையைத் தாண்டிய கோலார் பகுதியில்தான் இருக்கிறது. 1767 செப்டம்பரில், முதல் மைசூர்ப் போரின்போது, காவேரிப்பட்டினத்திலிருந்து சிங்காரப்பேட்டை வழியாகத் திருவண்ணாமலைக்குப் பின்வாங்கிய கர்னல் ஜோசப் ஸ்மித்தின் படையைச் செங்கம் அருகே ஹைதர் தாக்கினார். அந்தச் சண்டையில் ஆங்கிலேயர் தப்பிவிட்டார்கள். ஆனால் போதிய குதிரைப்படை இல்லாததால், ஹைதரின் குதிரைவீரர்கள் தானிய வண்டிகளை மடக்குவதை அவர்களால் தடுக்க முடியவில்லை.

1769இல் ஹைதர் 6,000 குதிரைவீரர்களோடு மூன்றரை நாளில் சுமார் 200 கிலோமீட்டர் கடந்து சென்னையின் வாசலில் வந்து நின்றார். ஆங்கிலேயர் சமாதானத்துக்கு இறங்கி வந்தார்கள். சென்னை உடன்படிக்கை அப்படிப் பிறந்தது. அந்த வெற்றியில் பெயர் பெறாத பாதிப் பங்கு குதிரைகளுடையது. ஹைதருக்கும் திப்பு சுல்தானுக்கும் குதிரை வளர்ப்பில் இருந்த அக்கறைக்குக் கர்நாடகத்தின் குணிகல் குதிரைப் பண்ணை இன்றும் சாட்சி. அவர்களுடைய குதிரைப்படைக்காகத் தொடங்கப்பட்டது அது. பாண்டியர் செய்யாததை இவர்கள் செய்தார்கள். வாங்குவதோடு நிற்காமல் வளர்க்கவும் கற்றார்கள்.

ஈரோடு மாவட்டம் அந்தியூரில் ஆடி மாதம் குருநாதசாமி கோயில் திருவிழாவில் கூடும் குதிரைச் சந்தையைத் திப்புவின் காலத்தோடு இணைத்து மக்கள் இன்றும் பேசுகிறார்கள். கத்தியவாரி, மார்வாரி ரகக் குதிரைகளை நம் பக்கத்தில் ஒரே இடத்தில் பார்க்க வேண்டுமானால் அங்கேதான் போக வேண்டும்.

மத்திகிரிப் பண்ணை

1792இல் ஸ்ரீரங்கப்பட்டண உடன்படிக்கையின்படி பாராமகால் கம்பெனியின் கைக்குப் போனது. பீடபூமியின் மிதமான தட்பவெப்பம் குதிரைக்கு ஏற்றது என்பதைக் கண்ட ஆங்கிலேயர், 1824இல் ஓசூரை அடுத்த மத்திகிரியில் தங்கள் படைக்குக் குதிரை தயார்செய்யும் பண்ணையைத் தொடங்கினார்கள். 1,600 ஏக்கருக்கு மேல் பரந்த அந்த நிலம் இன்று தமிழ்நாடு அரசின் மாவட்டக் கால்நடைப் பண்ணையாக இருக்கிறது. சுற்றிலும் தொழிற்சாலைகள் பெருகிவிட்ட ஓசூரில், இவ்வளவு பெரிய பசுமை பிழைத்திருப்பதற்குக் குதிரைகளே முதற்காரணம்.

19ஆம் நூற்றாண்டில் அரபுக் குதிரைகளோடு ஆஸ்திரேலியக் குதிரைகளும் சென்னைக்குக் கப்பலில் வரத் தொடங்கின. நியூ சவுத் வேல்ஸ் பகுதியிலிருந்து வந்ததால் அவற்றுக்கு 'வேலர்' என்று பெயர். முதல் உலகப் போருக்கு ஆஸ்திரேலியாவிலிருந்து வெளிநாடுகளுக்கு அனுப்பப்பட்ட குதிரைகள் 1,30,000க்கு மேல். தாய்நாடு திரும்பியது ஒன்றே ஒன்று, 'சாண்டி' என்னும் குதிரை. அதே போரில் 1918 செப்டம்பர் 23 அன்று மைசூர், ஜோத்பூர் குதிரைப் படைகள் ஃபலஸ்தீனின் ஹைஃபா நகரைப் பிடித்தன. அதற்குப் பிறகு போர்க்களம் மோட்டாருக்கும் டாங்கிக்கும் மாறிவிட்டது.

போர் போனபின் குதிரை வண்டியில் பூட்டப்பட்டது. வாணியம்பாடி, ஆம்பூர், கிருஷ்ணகிரி போன்ற ஊர்களில் ஜட்கா ஓட்டிப் பிள்ளைகளைப் படிக்க வைத்த முஸ்லிம் குடும்பங்கள் பல. கையேந்தாமல் பிழைப்பதற்காகக் குதிரை வைத்திருப்பவர் என்று ஹதீஸ் சொல்லும் அந்த இரண்டாமவர் இவர்களே. ஆட்டோவும் ஷேர் ஆட்டோவும் வந்தபின் அந்தத் தொழிலும் ஓய்ந்தது. 2019 கால்நடைக் கணக்கெடுப்பின்படி இந்தியாவில் குதிரைகளும் மட்டக்குதிரைகளும் சேர்ந்து 3.4 லட்சம் மட்டுமே. 2012 கணக்கை ஒப்பிட்டால் 45 சதவீதத்துக்கு மேல் குறைவு.

இன்று நம் தெருவில் நிற்கும் குதிரை

போரும் பயணமும் பிழைப்பும் போனபின் குதிரைக்கு மிஞ்சியவை பெரும்பாலும் பந்தயமும் பகட்டும். பந்தயம் பற்றி மார்க்கம் தெளிவாக இருக்கிறது. நபி (ஸல்) அவர்கள் மதீனாவில் குதிரை ஓட்டப் போட்டி நடத்தினார்கள், இப்னு உமர் (ரலி) அவர்களும் அதில் கலந்துகொண்டார்கள் என்பது புகாரியில் உள்ள செய்தி. ஓட்டமும் பயிற்சியும் ஆகுமானவை. பார்வையாளர் பணம் கட்டும் சூது ஹராம். சட்டம் ஒரு விளையாட்டைத் திறமை என்று வகைப்படுத்தினாலும் இந்த மார்க்கச் சட்டம் மாறாது.

பகட்டு விஷயத்தில்தான் நம் குடும்பங்கள் யோசிக்க வேண்டும். மாப்பிள்ளை ஊர்வலம் எங்கள் பகுதியில் இன்னும் முற்றாக ஒழியவில்லை. குதிரையிலோ சாரட்டிலோ மாப்பிள்ளையை ஏற்றி, முன்னே மேளமும் வாணவேடிக்கையுமாகத் தெருத்தெருவாக இரண்டு மணி நேரம் நகர்கிறார்கள். வீடியோ எடுப்பவர் சொல்லும்போதெல்லாம் குதிரை நிற்க வேண்டும். விலங்குகளின் முதுகை மேடையாக ஆக்கிக்கொள்ளாதீர்கள், சிரமமின்றி அடைய முடியாத ஊர்களுக்கு உங்களைக் கொண்டுசேர்க்கவே அல்லாஹ் அவற்றை வசப்படுத்தித் தந்தான் என்னும் கருத்தில் நபி (ஸல்) அவர்கள் எச்சரித்ததை அபூதாவூதில் பார்க்கிறோம். பக்கத்துத் தெருவிலிருக்கும் மண்டபத்துக்குப் போக எந்தச் சிரமமும் இல்லை என்பது நமக்கே தெரியும்.

குதிரையின் இயல்பை அறிந்தால் இந்த எச்சரிக்கையின் பொருள் இன்னும் விளங்கும். இரை தேடும் மிருகங்களிடமிருந்து ஓடித் தப்பிக்கும்படி படைக்கப்பட்ட பிராணி அது. பக்கவாட்டுக் கண்களால் ஏறக்குறைய நான்கு திசையும் பார்க்கும். சிறு சத்தத்துக்கும் காதைத் திருப்பும். அதன் காலடியில் சரவெடி வெடித்தால் மிரளாமல் என்ன செய்யும்? அதன் இரைப்பை உடம்பைப் பார்க்கச் சிறியது. கொஞ்சம் கொஞ்சமாக நாள் முழுவதும் புல் மேய வேண்டும். ஒரு நாளைக்கு 25 முதல் 40 லிட்டர் தண்ணீர் வேண்டும். மாடு போல அசைபோடவோ, உண்டது ஒத்துக்கொள்ளாவிட்டால் வாந்தி எடுக்கவோ அதனால் முடியாது. பிரியத்தோடு ஊட்டும் பிரியாணியும் இனிப்பும் கடும் வயிற்று வலியாகி அதன் உயிரையே எடுக்கலாம். பாண்டியர் லாயத்தில் நடந்ததும் இதுதான்.

இவ்வளவுக்குப் பிறகும் குதிரை வாடகைக்கு அமர்த்துபவர்கள் சில விஷயங்களையாவது கவனிக்க வேண்டும். விலா எலும்பு துருத்திக்கொண்டிருக்கும், நொண்டும், சேணத்தின் கீழ் புண் உள்ள குதிரையைத் திருப்பி அனுப்பிவிடுங்கள். குளம்பு ஆறு முதல் எட்டு வாரங்களுக்கு ஒருமுறை சீவப்பட வேண்டும். குளம்பு நீண்டு வெடித்திருந்தால் கவனிப்பு இல்லை என்று பொருள். தண்ணீரும் நிழலும் தயாராக இருக்கட்டும். பட்டாசு அறவே வேண்டாம். இழுவை, பொதி விலங்குகள் பற்றிய 1965ஆம் ஆண்டு மத்திய அரசு விதிகள், நாளில் மொத்தம் 9 மணி நேரத்துக்கு மேலோ, ஓய்வின்றித் தொடர்ந்து 5 மணி நேரத்துக்கு மேலோ வேலை வாங்கக் கூடாது என்கின்றன. வெயில் 37 டிகிரி செல்சியஸைத் தாண்டும் நாளில் பகல் 12 முதல் 3 மணி வரை வண்டியில் பூட்டவும் கூடாது. அடிபட்ட குதிரையைச் சாலையில் கண்டால் 1962 என்னும் கால்நடை ஆம்புலன்ஸ் எண்ணை அழைக்கலாம்.

குதிரைக்காரரையும் மறந்துவிடக் கூடாது. ஆண்டில் சில முகூர்த்த மாதங்களில் வரும் வாடகையை வைத்துத்தான் அவர் ஆண்டு முழுவதும் அந்த ஜீவனுக்குத் தீனி போட வேண்டும். மண்டபத்துக்கும் பிரியாணிக்கும் லட்சங்கள் செலவழித்துவிட்டு அவரிடம் மட்டும் நூறு இருநூறுக்குப் பேரம் பேசினால், குறையும் பணம் குதிரையின் வயிற்றிலிருந்துதான் குறையும். ஊர்வலம் வேண்டாம் என்று முடிவு செய்வது மார்க்கத்துக்கு உகந்தது. அழைத்துவிட்டால் பேசிய கூலியை முழுதாகவும் உடனேயும் கொடுப்பது கடமை.

அல்ஆதியாத் தரும் பாடம்

நம் பிள்ளைகள் தொழுகையில் அடிக்கடி ஓதும் சிறிய அத்தியாயங்களில் ஒன்று அல்ஆதியாத். மூச்சிரைக்க ஓடி, குளம்பால் தீப்பொறி பறக்கச் செய்து, அதிகாலையில் புழுதி கிளப்பிப் பகைக்கூட்டத்தின் நடுவே புகும் குதிரைகள் மீது அல்லாஹ் சத்தியமிடுகிறான். அதை அடுத்து, மனிதன் தன் இறைவனுக்கு நன்றி கெட்டவனாக இருக்கிறான் என்று சொல்கிறான் (100:1-6). இரண்டுக்கும் என்ன தொடர்பு என்பதற்குத் தஃப்ஸீர் ஆசிரியர்கள் தரும் விளக்கங்களில் ஒன்று சிந்திக்கத்தக்கது. ஒரு பிடி தீனி போட்டவனுக்காகக் குதிரை தன் உயிரையும் பொருட்படுத்தாமல் வாளுக்கு நேராக ஓடுகிறது. உயிரையும் உணவையும் கொடுத்த இறைவனுக்கு மனிதன் அந்த அளவாவது விசுவாசமாக இருக்கிறானா?

ராவுத்தர் என்ற பெயரை வீட்டுப் பெயராகத் தாங்கியவர்களும், திப்புவின் படையோடு வந்தவர்களின் வழி நாங்கள் என்று சொல்லிக்கொள்பவர்களும் நம்மில் உண்டு. அந்தப் பெருமை நியாயமானதே. ஆனால் அந்தப் பெருமையைச் சுமந்து வந்தவை குதிரைகள். அவற்றில் ஆயிரக்கணக்கானவை, வாங்கத் தெரிந்த, வளர்க்கத் தெரியாத கைகளில் மடிந்தன. மெலிந்து வயிறு ஒட்டிப்போன ஓர் ஒட்டகத்தைக் கண்டபோது, இந்த வாயில்லா ஜீவன்கள் விஷயத்தில் அல்லாஹ்வை அஞ்சுங்கள் என்னும் கருத்தில் நபி (ஸல்) அவர்கள் சொன்னார்கள். இன்று நம்மிடம் குதிரை இல்லாவிட்டாலும் ஆடு இருக்கிறது, மாடு இருக்கிறது, கோழி இருக்கிறது, வாசலில் வந்து நிற்கும் பூனை இருக்கிறது. காசு கொடுத்து வாங்கினாலும் தானாக வந்து சேர்ந்தாலும் எல்லாமே அமானிதம்தான்.

அந்த அமானிதத்தைப் பேணுவோரில் நம்மையும் நம் பிள்ளைகளையும் அல்லாஹ் ஆக்கி அருள்வானாக. ஆமீன்.